இரவு 11.35 நிகழ்ச்சிக்கு விருந்தினர் லேட்டாக வந்தால் என்ன ஆகும்? (குறும்படத் திரைக்கதைக்காக)

கடைசி_பஸ்

அமெரிக்க லேட் நைட் டாக் ஷோ ஒன்றைக் களமாக வைத்து 14 நிமிடக் குறும்படம். மையம் தாமதம்தான். நிகழ்ச்சி இரவு 11.35-க்குத் தொடங்க வேண்டும், 11 மணி ஆகியும் முக்கிய விருந்தினரைக் காணோம். தயாரிப்பாளர் போன் மேல் போன் போடுகிறார், தொகுப்பாளருக்கு முகம் வெளுக்கிறது, 11.34-க்குக் கதவைத் தள்ளிக்கொண்டு விருந்தினர் வருகிறார். இதுதான் கிளைமாக்ஸ்.

திரைக்கதையைப் படித்த ஒருவர் "11 மணிக்கு அந்த ஸ்டுடியோவில் கூட்டிப் பெருக்குகிறவர்கூட இருக்க மாட்டார்" என்று ஓரத்தில் எழுதித் திருப்பி அனுப்பியிருக்கிறார். விளக்கம் எதுவும் இல்லை.

தெரிய வேண்டியவை: விருந்தினர் தாமதமானால் அங்கே உண்மையில் எந்த நிமிடத்தில் நெஞ்சடைக்கும்? எப்படிச் சமாளிப்பார்கள்? தாமதத்தை வைத்துப் படம் எடுத்தவர்களிடம் என்ன கற்கலாம்? நம் ஊரில் ஒரு கல்யாண மண்டப மேடையில் செட் போட்டு எடுத்தால் அது அமெரிக்க டிவி மாதிரி தெரிய என்ன செய்ய வேண்டும்?

---

ரன்டவுன்

ஓரத்தில் எழுதியவர் விஷயம் தெரிந்தவர். லேட் நைட் என்பது ஒளிபரப்பாகும் நேரம், வேலை நடக்கும் நேரம் இல்லை. என்பிசியின் டுநைட் ஷோ போன்றவற்றின் பதிவு சாயங்காலம் 5 மணிவாக்கில் நடக்கும். பார்வையாளர்கள் பட்டப்பகலில், வெயிலில் வரிசை கட்டி நின்று உள்ளே போவார்கள். மேசைக்குப் பின்னால் மினுக்கும் நகரத்து ராத்திரி விளக்குகள் வெறும் செட். "குட் ஈவினிங்" சொல்லித் தொடங்குகிறவர் அதை உண்மையிலேயே ஈவினிங்கில்தான் சொல்கிறார். 11.35-க்கு நிகழ்ச்சி ஓடும்போது அவர் வீட்டில் இருப்பார்.

11.35 என்ற கோணல் எண்ணுக்குக் காரணம் உள்ளூர் செய்தி. கிழக்கு நேரப்படி 8 முதல் 11 வரை நெட்வொர்க்கின் (நாடு முழுக்க ஒளிபரப்பும் நிறுவனத்தின்) முக்கிய நிகழ்ச்சிகள், 11-லிருந்து 35 நிமிடம் அந்தந்த ஊர் நிலையத்தின் செய்தி, அது முடிந்ததும் மறுபடி நெட்வொர்க். முன்பு 11.30 ஆக இருந்தது, 1991-ல் உள்ளூர் நிலையங்களுக்கு விளம்பரம் விற்க ஐந்து நிமிடம் விட்டுக்கொடுத்தார்கள். சிகாகோ இருக்கும் மத்திய மண்டலத்தில் அதே ஒளிபரப்பு 10.35-க்கு வந்துவிடும். லாஸ் ஏஞ்சலஸுக்கு மூன்று மணி நேரம் பிடித்து வைத்து விடுவார்கள். நியூயார்க்கின் 11.35 நமக்குக் கோடையில் மறுநாள் காலை 9.05, குளிர்காலத்தில் 10.05. அதாவது அவர்கள் தூங்கப் போகும் முன் பார்ப்பது நமக்கு டிபன் நேரம்.

பதிவு என்றதும் 'லேட்டானால் நிறுத்தி நிறுத்தி எடுத்துக்கொள்ளலாமே' என்று தோன்றும். அங்கேதான் பலர் தப்புக் கணக்குப் போடுகிறார்கள். இதை லைவ்-டு-டேப் என்பார்கள்: நேரலை போலவே ஓட்டி, நேரலை போலவே கேமரா மாற்றி, விளம்பர இடைவெளிக்குக்கூட ஏறக்குறைய அதே நேரம்தான் விடுவார்கள். அந்த இடைவெளியில் பேண்ட் வாசித்துக் கூட்டத்தைச் சூடாக வைத்திருக்கும். நிறுத்தினால் மூன்று நஷ்டம். கூட்டம் ஆறிப்போகும், பிறகு வரும் ஜோக்குகளுக்குச் சிரிப்பு பாதிதான் வரும். குழுவுக்கு ஓவர்டைம் ஏறும். மூன்றாவதுதான் பெரியது: முடித்த பதிவை நேரத்துக்கு வெட்டி, கெட்ட வார்த்தைக்குப் 'பீப்' போட்டு, எழுத்துவரிகள் சேர்த்து, நெட்வொர்க்கின் ஒழுங்குப் பிரிவு பார்த்து, ராத்திரிக்குள் அனுப்பியாக வேண்டும். சாயங்காலத்து அரை மணி நேரத் தாமதம் முழுக்க இந்தக் கடைசி வேலையின் தலையில்தான் விழும்.

உங்கள் படத்துக்கு ஒரு ரன்டவுன் தாள் (எது எத்தனை நிமிடம் என்ற வரிசைப் பட்டியல்) வேண்டும். நடிகர் கையில் கொடுக்க ஒரு மாதிரிக் கணக்கு:

தொடக்க டைட்டில் 1 நிமிடம், மோனோலாக் (தொகுப்பாளர் தனியாக நின்று சொல்லும் ஜோக்குகள்) 9, மேசையில் உட்கார்ந்து செய்யும் ஐட்டம் 6, முதல் விருந்தினர் இரண்டு பகுதியாக 7-ம் 6-ம், இரண்டாம் விருந்தினர் 6.30, காமெடியன் அல்லது பேண்ட் 5, விடைபெறல் 1.30. மொத்தம் 42. ஒளிபரப்பு இடம் 11.35 முதல் 12.37 வரை 62 நிமிடம் என்று வைத்தால் மீதி 20 விளம்பரத்துக்கும் முன்னோட்டத்துக்கும்.

இந்தத் தாளை மேலிருந்து கீழே படிக்கிறவர் புதியவர். தயாரிப்பாளர் கீழிருந்து மேலே படிப்பார். விடைபெறல் 40.30-ல் தொடங்கியாக வேண்டும், காமெடியன் 35.30-ல் மேடையேறியாக வேண்டும், இரண்டாம் விருந்தினர் 29-ல் உட்கார்ந்திருக்க வேண்டும். பின்னாலிருந்து கழித்து வருவதால் இதற்கு பேக்-டைமிங் என்று பெயர். உங்கள் தயாரிப்பாளர் கதாபாத்திரம் கடிகாரத்தைப் பார்த்து "ஐயோ லேட்" என்று கத்துவதைவிட, பென்சிலால் 7-ஐ அடித்து 4 என்று எழுதுவது பத்து மடங்கு பயம் தரும்.

நெஞ்சடைக்கும் நிமிடம் எது என்று கேட்டீர்கள். முதல் விருந்தினர் மேடைக்கு வர வேண்டியது பதிவு தொடங்கி 16-வது நிமிடம், இடையில் இரண்டு இடைவெளி, அதாவது 5.20-5.25. மேக்கப்புக்கும் மைக் மாட்டவும் அரை மணி. ஆக 4.45-க்கு ஆள் வரவில்லை என்றால் வயிற்றில் புளி கரையும். 5 மணிக்கும் வரவில்லை என்றால் வரிசையை மாற்றுவார்கள்: இரண்டாம் விருந்தினர் முன்னே, மேசை ஐட்டம் நீளும், அலமாரியில் கிடக்கும் பழைய ஐட்டம் ஒன்று தூசி தட்டப்படும்.

ஆனால் வரிசை மாறினால் கார்டும் மாற வேண்டும். விருந்தினரிடம் முன்னதாகவே ஒரு பகுதித் தயாரிப்பாளர் போனில் பேசி, எந்தக் கதையை எந்தக் கேள்விக்குச் சொல்வார் என்று வாங்கி வைத்திருப்பார். அதற்குப் பெயர் ப்ரீ-இன்டர்வியூ. தொகுப்பாளர் மேசையில் இருக்கும் கார்டுகளில் அந்தக் கேள்விகள்தான் இருக்கும். வேறு ஆளைத் திடீரென உட்கார வைத்தால் கார்டில் ஒன்றும் இருக்காது. நல்ல தொகுப்பாளர் யார், கார்டு வாசிப்பவர் யார் என்பது அந்த ஏழு நிமிடத்தில் தெரிந்துவிடும். உங்கள் கதை அங்கே இருக்கிறது என்பேன்.

---

மறுஒளிபரப்பு

வராத விருந்தினருக்கு நிஜ உதாரணம் வேண்டுமென்றால் 2008 செப்டம்பர் 24. அதிபர் வேட்பாளர் ஜான் மெக்கெய்ன் அன்று டேவிட் லெட்டர்மேனின் லேட் ஷோவுக்கு வருவதாக இருந்தது. பொருளாதார நெருக்கடி, பிரசாரத்தை நிறுத்திவிட்டு உடனே வாஷிங்டன் போகிறேன் என்று லெட்டர்மேனுக்கே போன் செய்து விலகிக்கொண்டார். அவசரத்துக்குச் செய்தித் தொகுப்பாளர் கீத் ஓல்பர்மேனை அழைத்து வந்து உட்கார வைத்தார்கள்.

பதிவு ஓடிக்கொண்டிருக்கும்போதே தெரிந்தது, மெக்கெய்ன் விமானத்தில் இல்லை. அதே சிபிஎஸ் நிறுவனத்தின் செய்தி ஸ்டுடியோவில் கேட்டி கூரிக்குக்குப் பேட்டி கொடுக்க மேக்கப் போட்டுக்கொண்டிருந்தார். நிறுவனத்துக்குள் ஓடும் வீடியோ லைனைத் திறந்து லெட்டர்மேன் அதை அப்படியே தன் பார்வையாளர்களுக்குக் காட்டினார். விமான நிலையத்துக்கு வண்டி வேண்டுமா என்று திரையைப் பார்த்துக் கேட்டார். அக்டோபர் 16-ம் தேதி மெக்கெய்ன் வந்து உட்கார்ந்து, சொதப்பிவிட்டேன் என்று ஒப்புக்கொண்டார்.

இதில் நேரத்தைக் கவனியுங்கள். அது மாலைச் செய்திக்கான பேட்டி. மாலைச் செய்தியும் 'லேட் நைட்'டும் ஒரே வேளையில் தயாராகிக்கொண்டிருந்ததால்தான் அவர் மாட்டிக்கொண்டார். லேட் ஷோ உண்மையிலேயே ராத்திரி 11.35-க்கு எடுக்கப்பட்டிருந்தால் இந்தக் காட்சியே கிடையாது.

---

சனிக்கிழமை_சபை

11.34-ஐ விட மனசில்லையென்றால் கதையைச் சனிக்கிழமைக்கு மாற்றுங்கள். சாட்டர்டே நைட் லைவ் என்ற நகைச்சுவை நிகழ்ச்சி 1975 அக்டோபர் 11-லிருந்து இன்றுவரை நிஜமாகவே இரவு 11.30-க்கு நேரலை. நியூயார்க், ராக்கஃபெல்லர் பிளாசா, ஸ்டுடியோ 8ஹெச்.

அங்கே தாமதத்தின் உடலமைப்பே வேறு. செவ்வாய் இரவு விடிய விடிய எழுத்து, புதன்கிழமை எல்லோரும் உட்கார்ந்து வாசிப்பு, அதில் தேறியதற்கு மட்டும் செட். சனிக்கிழமை இரவு 8 மணிக்கு வேறொரு கூட்டத்தின் முன்னால் முழு ஒத்திகை. வேண்டியதைவிட அதிக ஸ்கெட்ச் (குட்டி நகைச்சுவை நாடகம்) அதில் ஓடும். முடிந்ததும் தயாரிப்பாளர் லோர்ன் மைக்கேல்ஸ் அறையில் கூட்டம்: எது போகிறது, எது இருக்கிறது, எதில் இரண்டு நிமிடம் வெட்டு. 11.30-க்கு ஒரு மணி நேரம், சில வேளை அதற்கும் குறைவு. வசனம் டெலிபிராம்ப்டரில் கிடையாது, பெரிய அட்டைகளில் கையால் எழுதுவது. ஒவ்வொரு வெட்டுக்கும் அட்டையில் வெள்ளைப் பட்டை ஒட்டி மேலே புதிதாக எழுத வேண்டும். நேரலை ஓடும்போதுகூட பின்பக்கம் எழுதிக்கொண்டிருப்பார்கள். நேரம் முட்டினால் கடைசி ஸ்கெட்ச், வேஷம் கட்டி நிற்கிற நடிகர்களோடு சேர்த்து, அப்படியே போய்விடும்.

தயாராகிவிட்டது என்பதற்காக நிகழ்ச்சி போவதில்லை, மணி பதினொன்றரை ஆகிவிட்டது என்பதற்காகப் போகிறது: இது மைக்கேல்ஸ் சொல்லும் விதி. ஜேசன் ரைட்மேனின் 2024 படம் அந்த முதல் நாளின் 10 மணி முதல் 11.30 வரையிலான தொண்ணூறு நிமிடத்தைத்தான் எடுத்துக்கொண்டது. பதினாறு எம்எம் ஃபிலிமில் எடுத்தார்கள். உங்கள் கரு அதற்கு ரொம்பப் பக்கத்தில் வந்துவிடும் என்பது ஒரு சிக்கல். மண்டப மேடையில் 8ஹெச் அளவுக்கு ஆட்களை நிறைக்க முடியுமா என்பது இன்னொன்று. மேசை, சோபா, நாலு பேர் என்பதே 14 நிமிடத்துக்குப் போதும்.

---

கடைசி_பஸ்

கிளைமாக்ஸ் 5.20-க்கு நகர்ந்தாயிற்று. ஆனால் ஒரு குறை. 'லேட் நைட்' என்று தலைப்பு வைத்துவிட்டுச் சாயங்காலம் முடித்தால் ராத்திரியே படத்தில் வராதே? இரவு, தாமதம் இரண்டும் ஒட்ட வேண்டும்.

---

பால்கனி_டிக்கெட்

ஒட்ட வைத்துக் காட்டிய படம் ஏற்கெனவே இருக்கிறது. மார்ட்டின் ஸ்கோர்செஸியின் தி கிங் ஆஃப் காமெடி, 1982. சான்ஸ் கேட்டு அலைந்து வெறுத்துப்போன ரூபர்ட் பப்கின், டாக் ஷோ தொகுப்பாளர் ஜெர்ரி லாங்ஃபோர்டைக் கடத்துகிறான். பணயத்தொகை பணம் இல்லை, நிகழ்ச்சியில் ஒரு மோனோலாக். சாயங்காலம் பதிவில் பேசி முடிக்கிறான், எஃப்பிஐ பிடிக்கிறது. ஆனால் அது இன்னும் ஒளிபரப்பாகவில்லை! அந்தச் சில மணி நேரம்தான் படத்தின் உயிர். போலீஸையும் கூட்டிக்கொண்டு பாருக்குப் போய், தான் ஆசைப்பட்ட பெண் வேலை பார்க்கும் அந்த இடத்து டிவியில் தன்னைத் தானே பார்க்கிறான். தப்பித்து வரும் லாங்ஃபோர்ட் கடைக் கண்ணாடிக்குப் பின்னால் வரிசையாக இருக்கும் டிவிகளில் அவனைப் பார்க்கிறார். பதிவுக்கும் ஒளிபரப்புக்கும் இடையில் உள்ள இடைவெளியைக் கதையாக்குவது என்றால் இதுதான். டுநைட் ஷோவின் நிஜத் தயாரிப்பாளர் ஃப்ரெட் டி கோர்டோவாவையே படத்தில் தயாரிப்பாளராக நடிக்க வைத்திருக்கிறார்கள். அவர் பேசும் தோரணையை உங்கள் நடிகருக்குப் போட்டுக் காட்டுங்கள், நடிப்புப் பயிற்சிச் செலவு மிச்சம்.

உங்கள் படத்துக்கும் அதே வழி: முதல் 11 நிமிடம் சாயங்காலப் பதிவு, கடைசி 3 நிமிடம் ராத்திரி 11.35, யாரோ ஒருவர் வீட்டில் டிவி. பதிவில் நாம் பார்த்த தவிப்பு ஒளிபரப்பில் எங்கே போனது, எது வெட்டுப்பட்டது என்பதை அங்கே காட்டலாம்.

இனி தாமதம். படங்களில் தாமதம் மூன்று வகையாக வருகிறது, மூன்றும் ஒன்றல்ல.

முதல் வகை, மணி நெருங்குவது. ஹை நூன், 1952, ஃப்ரெட் ஸின்னமன். பன்னிரண்டு மணி ரயிலில் வில்லன் வருகிறான். 85 நிமிடப் படம், கதை நேரமும் ஏறக்குறைய அவ்வளவுதான். எல்லோரும் சொல்வது "நிறையக் கடிகாரம் காட்டுவார்கள்" என்று. அது மேலோட்டம். கடிகாரம் முதலில் சுவரில் எங்கோ கிடக்கும், போகப் போகத் திரையில் பெரிதாகும், கடைசியில் பெண்டுலம் மட்டுமே திரையை அடைக்கும். பன்னிரண்டு அடிக்கும் முன் வரும் தொகுப்பைத் தனியாக எடுத்துப் பாருங்கள்: கேரி கூப்பர் உயில் எழுதுகிறார், சர்ச்சில் முகங்கள், பாரில் முகங்கள், காலி நாற்காலி, பெண்டுலம். வெட்டுகள் இசையின் தாளத்தில் விழும். அங்கே கடைசி நிமிடம் சுருங்குவதில்லை, இழுக்கிறது. ரயில் விசில்தான் அதை அறுக்கும். எடிட்டிங்குக்கு ஆஸ்கர் சும்மா கொடுக்கவில்லை.

இரண்டாம் வகை, தவறவிட்டது. போலந்தின் கீஸ்லோவ்ஸ்கி எடுத்த பிளைண்ட் சான்ஸ் படத்தில் ஒருவன் ஓடிப்போய் ரயிலைப் பிடிக்கிறான், பிடிக்காமல் விடுகிறான், மூன்று வாழ்க்கை. 1998-ல் லண்டன் மெட்ரோ கதவை வைத்து ஸ்லைடிங் டோர்ஸ், அதே ஆண்டு ஜெர்மனியில் ரன் லோலா ரன்: 20 நிமிடம், ஒரு லட்சம் மார்க், மூன்று ஓட்டம். நமக்கு 2001-ல் ஜீவாவின் 12பி. பஸ்ஸைப் பிடித்தால் ஒரு கதை, விட்டால் ஒரு கதை. இரண்டு இழையை மாற்றி மாற்றிக் காட்டும்போது எது எது என்று பார்ப்பவருக்கு அரை நொடியில் தெரிய வேண்டும். ஸ்லைடிங் டோர்ஸில் முதலில் நெற்றியில் ஒரு பிளாஸ்திரி, பிறகு ஒருத்திக்கு முடிவெட்டு. இவ்வளவு பச்சையான அடையாளம்தான் வேலை செய்யும். நுட்பமாக வண்ணத்தில் வித்தியாசம் காட்டுகிறேன் என்று போனால் எடிட்டருக்கு மட்டுமே புரியும்.

மூன்றாம் வகைதான் ராத்திரிக்குச் சொந்தம்: வீடு போய்ச் சேர முடியாதது. ஸ்கோர்செஸியின் ஆஃப்டர் ஹவர்ஸ், 1985. நாயகனுக்கு எந்த அப்பாயின்ட்மென்டும் இல்லை, எதற்கும் லேட்டாகவில்லை. டாக்சி ஜன்னல் வழியாக அவனுடைய ஒரே 20 டாலர் நோட்டு பறந்துவிடுகிறது. சுரங்க ரயிலுக்குப் போனால் நள்ளிரவோடு கட்டணம் ஒன்றரை டாலர் ஆகிவிட்டது, கையில் 97 சென்ட். அவ்வளவுதான், ராத்திரி முழுக்க அவனை விடாது. நேரத்தை அங்கே கடிகாரம் சொல்லவில்லை, சில்லறை சொல்கிறது. படத்தில் தாமதத்துக்கு ஒரு விலை வேண்டும், அதைச் சீக்கிரமே, எண்ணாகவே சொல்லிவிட வேண்டும். உங்கள் கதையில் அந்த எண் ரன்டவுன் அவர்கள் சொன்ன பென்சில் கணக்கு.

காரணத்தையும் யோசியுங்கள். "டிராஃபிக்" என்று எழுதியிருந்தால் அடித்துவிடுங்கள், அது காரணமே இல்லை. கிளாக்வைஸ், 1986, ஜான் கிளீஸ் நடித்தது: நேரம் தவறாத தலைமையாசிரியர். எதற்கெடுத்தாலும் "ரைட்" என்று சொல்வது அவர் வாய்ப்பழக்கம். ரயில் இடப்பக்கம் நிற்கிறது என்று சொல்லக் கேட்டு "ரைட்" என்கிறார், கால் வலப்பக்கம் போகிறது. தவறான ரயில். ஒரு சொல் அந்த ஆளின் மொத்த நாளையும் கவிழ்க்கிறது, அந்தச் சொல் அவர் வாயிலேயே இருந்தது. விருந்தினரின் தாமதம் அவர் குணத்திலிருந்தே வர வேண்டும்.

---

ஐம்பது_ஹெர்ட்ஸ்

செட், கேமரா பக்கம்.

டாக் ஷோ படங்களில் பழைய தந்திரம் ஒன்று: மேடையில் நடப்பது வீடியோ, மேடைக்குப் பின்னால் நடப்பது ஃபிலிம். எச்பிஓவில் 1992 முதல் 1998 வரை வந்த லேரி சாண்டர்ஸ் ஷோ அப்படித்தான் செய்தது. 1977 ஹாலோவீன் இரவில் நடப்பதாக வரும் லேட் நைட் வித் த டெவில் (2023) நிகழ்ச்சிக்கு வண்ணம், சதுரத்துக்கு நெருங்கிய 4:3 சட்டகம். இடைவேளைக்குக் கறுப்பு வெள்ளை. பார்ப்பவருக்கு 'இப்போது ஆன் ஏர், இப்போது இல்லை' என்று சொல்லாமலே புரிந்துவிடும். நீங்களும் செய்யுங்கள், செலவில்லாத வேலை.

செய்முறை: மேடைக் காட்சிகளை நொடிக்கு 59.94 ஃபிரேமில் எடுத்து, எடிட்டிங்கில் 29.97 இன்டர்லேஸ்டாக (ஒற்றைப்படை, இரட்டைப்படைக் கோடுகளை மாறி மாறிக் காட்டும் முறை) மாற்றுங்கள். பழைய டிவியின் வழுக்கும் அசைவு அதிலிருந்துதான் வருகிறது. பின்பக்கக் காட்சிகள் 24-ல். எல்லாவற்றையும் 24-ல் எடுத்துவிட்டு மேலே கோடு போடும் ஃபில்டர் மாட்டினால் டிவி மாதிரி வராது, அசைவு காட்டிக்கொடுத்துவிடும்.

இங்கேதான் நம் ஊர்ச் சிக்கல். அமெரிக்காவில் மின்சாரம் 60 ஹெர்ட்ஸ், இங்கே 50. மண்டபத்து டியூப் லைட்டும் மலிவான எல்இடியும் நொடிக்கு 100 தடவை துடிக்கும். 59.94-ல் எடுக்கும்போது ஷட்டர் 1/60 வைத்தால் படம் முழுக்க அலை அலையாக இருட்டு ஓடும். ஷட்டர் 1/100 வையுங்கள். 24-க்கு 1/50, ஷட்டரைக் கோணத்தில் காட்டும் கேமரா என்றால் 172.8 டிகிரி. அப்படியும் பின்னணி சீரியல் பல்புகளைத் தனியாகச் சோதித்துப் பாருங்கள், மங்கலாக்கும் டிம்மர் மாட்டியவை வேறு கணக்கில் துடிக்கும். நகரத்து ராத்திரிப் பின்னணிக்கு கருப்பு அட்டையில் ஊசியால் ஓட்டை குத்தி, பின்னால் ட்ரேசிங் பேப்பர் ஒட்டி, ஒரு விளக்கு வைத்தால் போதும். மேசைக்கும் அட்டைக்கும் நடுவே எட்டடியாவது விடுங்கள், பின்னணி கொஞ்சம் மங்கினால்தான் ஊர் மாதிரி தெரியும், ஒட்டி வைத்தால் அட்டைதான் தெரியும்.

தாமதக் கதையில் எல்லோரும் சறுக்கும் இடம் கடிகாரம். ஷூட்டிங்கில் சுவர்க் கடிகாரம் தன் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்கும். ஒரு காட்சிக்கு மூன்று டேக், இரண்டு கோணம், முக்கால் மணி போய்விடும். வெட்டி ஒட்டினால் ஒரே வசனத்தில் மணி 5.10, 5.48, 5.10 என்று குதிக்கும். பேட்டரியைக் கழற்றிவிடுங்கள். காட்சி எண்ணுக்கு எதிரே முள் நிலை என்று ஒரு பட்டியல் எழுதி ஒருவர் கையில் கொடுங்கள், ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன் அவர்தான் முள்ளைத் தள்ள வேண்டும். நொடி முள் உள்ள கடிகாரம் வாங்காதீர்கள், நின்றுபோனது பளிச்செனத் தெரியும். முள் ஓடுவதே காட்சி என்றால் அந்த ஒரு ஷாட்டுக்கு மட்டும் பேட்டரி. போன் திரை தெரிந்தால் ஏரோப்ளேன் மோடில் போட்டு நேரத்தைக் கையால் வையுங்கள், தானியங்கி நேரம் அணைந்திருக்க வேண்டும். கைக்கடிகாரத்தை நடிகரிடமிருந்து கழற்றியே விடுங்கள், யாருக்கும் நினைவிருக்காது.

ஒன்று கூடுதலாக. 'தாமதம்' தெரிய வேண்டுமென்று எட்டு ஷாட்டில் கடிகாரம் வைக்காதீர்கள். 14 நிமிடத்துக்கு மூன்று போதும்.

---

மறுஒளிபரப்பு

காலத்தை இன்றைக்கு வைக்காமல் பின்னே தள்ளினால் கதைக்கு வேறு ஆழம் கிடைக்கும். டுநைட் ஷோ 1954-ல் தொடங்கியபோது 105 நிமிடம், 11.15-க்கே ஆரம்பம். உள்ளூர் செய்திகள் அரை மணியாக நீண்டதும் பல ஊர்களில் முதல் கால் மணி நேரம் போகவே இல்லை. பின்னாளில் தொகுப்பாளரான ஜானி கார்சனின் மோனோலாக் காற்றில் போனது. 1965-ல் அவர் 11.30-க்கு முன்னால் மேடைக்கு வர மாட்டேன் என்று நின்றுவிட்டார். அவருடைய துணைத் தொகுப்பாளர் எட் மெக்மேகனும் பேண்ட் தலைவர் ஸ்கிட்ச் ஹெண்டர்சனும் அந்தப் பதினைந்து நிமிடத்தை ஓட்டினார்கள். வேண்டுமென்றே லேட்டாக வரும் தொகுப்பாளர்! 1967-ல் அந்தக் கால் மணியை நெட்வொர்க்கே வெட்டி 90 நிமிடமாக்கியது, 1980-ல் 60 ஆனது.

அதன் மறுபக்கம் 2010 ஜனவரி. டுநைட் ஷோவின் முந்தைய தொகுப்பாளர் ஜே லெனோவுக்கு 11.35-ல் அரை மணி நேரம் கொடுத்துவிட்டு, டுநைட் ஷோவை 12.05-க்குத் தள்ள என்பிசி திட்டம் போட்டது. நள்ளிரவு தாண்டினால் அது மறுநாள், பெயரில் இருக்கும் 'இன்றிரவு' பொய்யாகிவிடும் என்பது அப்போதைய தொகுப்பாளர் கோனன் ஓ பிரையனின் வாதம். அரை மணி நேரத் தாமதத்துக்குச் சம்மதிக்காமல் ஏழே மாதத்தில் விலகினார். அந்தத் துறையில் ஒருவரின் மதிப்பை அளக்கும் கோல் சம்பளம் அல்ல, எத்தனை மணிக்கு வருகிறார் என்பதே.

---

கடைசி_பஸ்

ரன்டவுன் தாள், 11.35 முடிவு, பேட்டரி கழற்றிய கடிகாரம் மூன்றும் எடுத்துக்கொள்ளப்பட்டன. கடைசியாக இரண்டு. விருந்தினர் வந்தும் நேரம் முடிந்துவிட்டால் என்ன சொல்லி அனுப்புவார்கள்? தாமதமாக வந்தவர் சோபாவில் எங்கே உட்கார வேண்டும்? இரண்டாம் விருந்தினர் அதற்குள் உட்கார்ந்திருப்பாரே.

---

ரன்டவுன்

நேரம் முடிந்தால் அடிபடுவது வரிசையில் கடைசி ஆள்தான், பெரும்பாலும் காமெடியனோ புத்தகம் எழுதியவரோ. அதற்கு 'பம்ப்' ஆகிவிட்டார் என்பார்கள். மேடையில் மன்னிப்புக் கேட்டுவிட்டு இன்னொரு நாள் கூப்பிடுவார்கள். டாக் ஷோ தொகுப்பாளர் ஜிம்மி கிம்மல் இதையே நிரந்தர ஜோக்காக்கி, வராத நடிகர் மேட் டேமனிடம் "நேரம் முடிந்துவிட்டது" என்று வருஷக்கணக்கில் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருக்கிறார். உங்கள் முக்கிய விருந்தினர் பெரிய புள்ளி என்றால் பம்ப் ஆக மாட்டார். அவருக்காக 35.30-ல் மேடையேற வேண்டிய காமெடியன்தான் மேக்கப்போடு வீட்டுக்குப் போவார். அவருக்கு ஒரு ஷாட் வையுங்கள்.

மேசை நம் பார்வைக்கு வலப்பக்கம், சோபா இடப்பக்கம். தொகுப்பாளரை ஒட்டிய இடம் புதிதாக வருகிறவருக்கு. கார்சன் காலத்திலிருந்து வழக்கம் அது: அடுத்த ஆள் வந்ததும் முன்னால் வந்தவர் எழுந்து கைகுலுக்கி ஒரு இடம் தள்ளி உட்கார்வார். ஆக, உங்கள் காட்சியில் லேட்டாக வந்தவர் மேசைக்குப் பக்கத்தில் உட்கார்வார். நேரத்துக்கு வந்து, கேட்காத கேள்விக்கெல்லாம் பதில் சொல்லி, அந்த ஏழு நிமிடத்தைக் காப்பாற்றியவர் நகர்ந்து இடம் விட வேண்டும். அவர் நகரும்போது தண்ணீர் கோப்பையைக் கையோடு எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் அடுத்த ஷாட்டில் அது யாருடையது என்று தொடர்ச்சி இடிக்கும்.